எக்ஸ்பார்ட்டி தீர்ப்பு வந்த செய்தியை எதிர்த்தரப்புக்குத் தெரிவிக்க ஒரு விதி வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

தங்கள் நாளிதழின் உட்பக்கங்களில், ஏல விளம்பரங்களுக்கும் பெயர் மாற்ற அறிவிப்புகளுக்கும் நடுவே, பொடி எழுத்தில் நீதிமன்ற அறிவிப்புகள் வெளியாகின்றன. இன்ன நீதிமன்றத்தின் இன்ன எண்ணுள்ள அசல் வழக்கில் பிரதிவாதியாகிய தாங்கள் இன்ன தேதியில் நேரிலோ வழக்குரைஞர் மூலமாகவோ முன்னிலையாக வேண்டும், தவறினால் தாங்கள் இல்லாமலேயே வழக்கு விசாரித்து முடிவு செய்யப்படும் என்பது அவற்றின் வாசகம். அந்த அறிவிப்பு யாருக்காக அச்சிடப்பட்டதோ அவர் அதைப் படிப்பது மிக அரிது என்பது நீதிமன்ற வளாகத்தில் பழகிய எல்லோரும் அறிந்த உண்மை. படிக்காதவர் மீது சில மாதங்களில் தீர்ப்பாணை பிறந்துவிடுகிறது. மக்கள் வழக்கில் 'எக்ஸ்பார்ட்டி டிகிரி' என்றும் சட்டத் தமிழில் ஒருதலைத் தீர்ப்பாணை என்றும் சொல்லப்படும் அந்தத் தீர்ப்பை நீக்கிக்கொள்ள நம் சட்டத்தில் நல்லதொரு வழி இருக்கிறது. ஆனால் அந்த வழிக்கு விதிக்கப்பட்ட காலம் 30 நாள். அந்த 30 நாள் தொடங்கிவிட்டது என்பதை வராதவருக்குத் தெரிவிக்கும் கடமை யாருக்கும் இல்லை. இந்த ஒரு குறையைப் பற்றியே இக்கடிதம்.

ஒருதலைத் தீர்ப்பு எப்படி உருவாகிறது என்பதை முதலில் சொல்ல வேண்டும், ஏனெனில் அது பலர் நினைப்பதைவிட மிக எளிதாக உருவாகிவிடுகிறது. 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில், கட்டளை 9 விதி 6, அழைப்பாணை முறைப்படி சார்வு செய்யப்பட்டும், அதாவது பிரதிவாதியிடம் சேர்ப்பிக்கப்பட்டும், அவர் வரவில்லை என்றால் வழக்கை ஒருதலையாக விசாரிக்கலாம் என்கிறது. மாவட்ட உரிமையியல் நீதிமன்றங்களிலும் சார்பு நீதிமன்றங்களிலும் அன்றாடம் நடப்பது இதுதான்: வழக்கு அழைக்கப்படுகிறது, பிரதிவாதியின் பெயர் மூன்று முறை கூவப்படுகிறது, பதில் இல்லை, அவர் எக்ஸ்பார்ட்டியாக வைக்கப்படுகிறார். அடுத்த வாய்தாவில் வாதி தன் சாட்சியத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்கிறார், ஆவணங்கள் சான்றாவணங்களாகக் குறியிடப்படுகின்றன, குறுக்கு விசாரணை செய்ய எதிரில் எவரும் இல்லாததால் அன்றோ அடுத்த தேதியிலோ தீர்ப்பு வந்துவிடுகிறது. எதிர்த்து நடத்தப்பட்டிருந்தால் ஆண்டுக்கணக்கில் நீண்டிருக்கக்கூடிய ஒரு பாகப்பிரிவினை வழக்கோ, புரோநோட்டு வழக்கோ, கிரய ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தரக் கோரும் வழக்கோ இரண்டு மூன்று வாய்தாக்களில் முடிந்துபோகிறது.

எக்ஸ்பார்ட்டியாக வைக்கப்பட்டவுடனேயே எல்லாம் முடிந்துவிட்டதாகப் பிரதிவாதிகள் பலர் நம்பிக்கொண்டிருக்கிறார்கள், அது தவறு. தீர்ப்புக்கு முன், வழக்கு இன்னும் விசாரணையில் இருக்கும்போது, முந்தைய வாய்தாவுக்கு வராததற்குத் தக்க காரணத்தைக் காட்டி விதி 7-இன் கீழ் மனுச் செய்தால், முதலிலேயே வந்தவரைப் போல அவர் வழக்கை நடத்தலாம். காரணம் காட்ட முடியாதவர்கூட வழக்கின் எஞ்சிய விசாரணையில் பங்கேற்பதைத் தடுக்க முடியாது என்று 1955-இலேயே, கோட்டா தேர்தல் தீர்ப்பாயம் தொடர்பான வழக்கில், உச்ச நீதிமன்ற நீதிபதி விவியன் போஸ் தெளிவாக எழுதினார். நடைமுறைச் சட்டம் நீதி கிடைக்க உதவுவதற்காக இயற்றப்பட்டது, ஆளைத் தண்டிப்பதற்காக இயற்றப்பட்டதன்று என்பதும், ஒருவருடைய தரப்பைக் கேளாமல் அவருக்கு எதிராக முடிவெடுக்கலாகாது என்ற கொள்கையின் மீதுதான் நம் நடைமுறை விதிகள் நிற்கின்றன என்பதும் அந்தத் தீர்ப்பின் சாரம். எழுபது ஆண்டுகள் கடந்தும் அதைவிட நேர்மையாக இந்தப் பொருளை எவரும் சொன்னதாக நான் கருதவில்லை.

தீர்ப்பு வந்த பிறகு உதவுவது விதி 13. அதன் கீழ் இரண்டே காரணங்கள்: அழைப்பாணை முறைப்படி சார்வு செய்யப்படவில்லை என்பது ஒன்று, வழக்கு விசாரணைக்கு அழைக்கப்பட்ட நாளில் வரவிடாமல் போதுமான காரணம் ஒன்று தடுத்தது என்பது மற்றொன்று. இவற்றில் ஒன்றை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால், தீர்ப்பாணையை நீக்கி உத்தரவிட்டே தீர வேண்டும். பிரதிவாதியின் வழக்கு வெல்லத்தக்கதா என்று அந்தக் கட்டத்தில் ஆராயும்படி விதி கேட்கவில்லை. செலவுத்தொகை, நீதிமன்றத்தில் பணம் கட்டுதல் போன்ற நிபந்தனைகளை விதிக்கும் அதிகாரம் மட்டும் நீதிமன்றத்துக்கு உண்டு. எதிர்த்தரப்புக்கு அறிவிப்புக் கொடுக்காமல் எந்த ஒருதலைத் தீர்ப்பையும் நீக்கக் கூடாது என்று அடுத்துவரும் விதி 14 சொல்கிறது. கவனியுங்கள்: தீர்ப்பை நீக்குவதென்றால் வென்றவருக்கு அறிவிப்புக் கொடுத்தாக வேண்டும், தீர்ப்பு வழங்கப்பட்டபோது தோற்றவருக்கு அறிவிப்பு இல்லை.

அழைப்பாணை முறைப்படி சார்வு செய்யப்பட்டதா என்ற கேள்விதான் பெரும்பாலான மனுக்களின் உயிர்நாடி. கட்டளை 5 இதற்கு மிக நுணுக்கமான விதிகளை வகுத்திருக்கிறது. பிரதிவாதி வீட்டில் இல்லாமல், நியாயமான காலத்துக்குள் அவரைக் காண வாய்ப்பும் இல்லை என்றால்தான், அவருடன் வசிக்கும் வயது வந்த குடும்ப உறுப்பினரிடம் அழைப்பாணையைக் கொடுக்கலாம். வேலைக்காரர் குடும்ப உறுப்பினர் ஆகமாட்டார் என்று விளக்கவுரையே இருக்கிறது. வாங்க மறுத்தால் வீட்டின் வெளிக்கதவில் ஒட்ட வேண்டும், ஒட்டிய சூழ்நிலையையும் வீட்டை அடையாளம் காட்டியவர் யார், ஒட்டும்போது உடனிருந்தவர் யார் என்பதையும் எழுதி அறிக்கை தர வேண்டும். 2002 ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த திருத்தங்களால் தபால், கூரியர், மின்னஞ்சல் வழியாகவும் அழைப்பாணை அனுப்பலாம். சரியான முகவரிக்கு அனுப்பப்பட்ட பதிவுத் தபாலின் ஒப்புகை அட்டை 30 நாளுக்குள் திரும்பி வராவிட்டாலும் சார்வு ஆனதாக நீதிமன்றம் அறிவிக்கலாம். வாதியே அழைப்பாணையைப் பெற்றுக் கொடுக்கவும் விதி 9-அ இடமளிக்கிறது. காகிதத்தில் இவ்வளவு காப்புகள் இருக்க, நடைமுறையில் என்ன காண்கிறோம்? 'கதவு பூட்டியிருந்தது, ஒட்டிவிட்டேன்' என்ற ஒற்றை வரி அறிக்கை. வீட்டை யார் அடையாளம் காட்டினார் என்பதற்குப் பெயர் இல்லை. விதி 19-இன்படி சார்வு செய்த ஊழியரைச் சத்தியத்தின் பேரில் விசாரித்தறிய வேண்டிய இடத்தில்கூடப் பெரும்பாலும் விசாரணை இல்லை. ஊழியர்கள் மீது மட்டும் பழிபோடுவது நியாயமாகாது. ஒருவர் தலையிலேயே பல ஊர்களின் அழைப்பாணைகள் குவிந்திருக்கின்றன.

வெளிநாட்டில் வேலை செய்பவரின் நிலை இன்னும் மோசம். அவருடைய பெயர் குடும்ப அட்டையிலும் பட்டாவிலும் ஊர் வீட்டு முகவரியோடு இருக்கும். அந்த முகவரிக்கே அழைப்பாணை போகும். முதிய தாயோ தந்தையோ கையெழுத்திட்டு வாங்குவார், அல்லது அஞ்சி வாங்க மறுப்பார். இந்தியாவுக்கு வெளியே வசிப்பவருக்கு அவர் வசிக்கும் இடத்துக்கே அழைப்பாணை அனுப்பக் கட்டளை 5 விதி 25 வழி செய்கிறது என்றாலும், அவர் வெளிநாட்டில் இருப்பதை வாதி தன் வழக்குரையில், அதாவது வழக்குத் தொடுக்கும் மனுவில், எழுதினால்தானே நீதிமன்றத்துக்கு அது தெரியும்?

அதே சமயம், சார்வில் ஏதோ ஒரு சிறு குறை இருந்தது என்பதற்காக மட்டும் தீர்ப்பை நீக்கிவிட முடியாது என்பதையும் சொல்லியாக வேண்டும். பிரதிவாதிக்கு விசாரணைத் தேதி தெரிந்திருந்தது, வந்து பதில் சொல்லப் போதிய அவகாசமும் இருந்தது என்று நீதிமன்றம் கருதினால், முறைகேடு என்ற காரணம் மட்டும் உதவாது என்று 1976-ஆம் ஆண்டுத் திருத்தம் விதி 13-இல் ஒரு வரம்புரையைச் சேர்த்தது. அது சரியான வரம்புரைதான். தெரிந்தே ஒதுங்கியிருந்துவிட்டுப் பிறகு ஒரு சிறு குறையைக் காட்டி வழக்கைத் தொடக்கத்துக்கு இழுத்துச் செல்பவர்களும் உண்டு. அவர்களால் அலைக்கழிக்கப்படும் வாதிகளின் துயரம் சிறியதன்று. கடன் கொடுத்த பணத்துக்காக நீதிமன்றம் ஏறி இறங்கும் முதியவரும், வாடகை தராத குடியிருப்பாளரை வெளியேற்ற முடியாத விதவையும் வாதிகளின் வரிசையில்தான் இருக்கிறார்கள்.

'போதுமான காரணம்' என்பது என்ன என்று சட்டம் வரையறுக்கவில்லை. வேண்டுமென்றேதான் வரையறுக்காமல் விட்டது. நோய், விபத்து, குடும்பத்தில் மரணம், வாய்தா தேதியைத் தவறாகக் குறித்துக்கொண்டது ஆகியவை அன்றாடக் காரணங்கள். வராமற்போன குறிப்பிட்ட நாளுக்கான காரணத்தையே பார்க்க வேண்டும், அதற்கு முந்தைய வாய்தாக்களில் அவர் காட்டிய அசட்டையை இழுத்துவந்து மனுவைத் தள்ளக் கூடாது என்று 2000-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் இன்றும் கீழமை நீதிமன்ற உத்தரவுகளில் 'மனுதாரர் தொடக்கம் முதலே அக்கறையின்றி நடந்திருக்கிறார்' என்ற வாக்கியத்தை அடிக்கடி காண முடிகிறது.

இன்னொரு காரணத்தைப் பற்றி என் தொழிலைச் சேர்ந்தவர்களும் கேட்கும்படி எழுத வேண்டியிருக்கிறது. கட்சிக்காரர் பணம் கட்டி, வக்காலத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு, வழக்கு நடந்துகொண்டிருக்கிறது என்று நம்பியிருக்க, வழக்குரைஞர் வராததால் எக்ஸ்பார்ட்டியாகும் வழக்குகள் ஏராளம். வழக்குரைஞரின் தவறுக்காக அப்பாவிக் கட்சிக்காரர் தண்டிக்கப்படக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981-இலேயே கூறிவிட்டது. வழக்குரைஞர்களின் பணிப் புறக்கணிப்பால் ஒருதலையாகத் தீர்ப்பான வழக்கு ஒன்றில், 2000-ஆம் ஆண்டு, தீர்ப்பாணையை நீக்கியதோடு, கட்சிக்காரர் கட்ட நேர்ந்த செலவுத்தொகையில் ஒரு பகுதியை அவருடைய வழக்குரைஞர் நிறுவனத்திடமே வசூலித்துக்கொள்ளவும் அந்த நீதிமன்றம் அனுமதித்தது. கட்சிக்காரரிடமிருந்து தகவல் இல்லை என்று கூறி வழக்குரைஞர் விலகும்போது, உடனே எக்ஸ்பார்ட்டியாக வைக்காமல் கட்சிக்காரருக்கு நீதிமன்றமே அறிவிப்பு அனுப்ப வேண்டும் என்பதும் தீர்ப்புகளில் நிலைபெற்ற நெறி. இந்த ஒன்றைக் கடைப்பிடித்தாலே பாதி மனுக்கள் குறையும் என்பது என் எண்ணம்.

இனி, நான் எழுத வந்த பொருளின் மையத்துக்கு வருகிறேன்: காலக்கணக்கு. 1963-ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டத்தின் அட்டவணையில் 123-ஆம் கூறு, ஒருதலைத் தீர்ப்பாணையை நீக்கக் கோரும் மனுவுக்கு 30 நாள் கொடுக்கிறது. அழைப்பாணை முறைப்படி சார்வாகியிருந்தால் தீர்ப்பாணையின் தேதியிலிருந்தும், சார்வாகியிருக்கவில்லை என்றால் தீர்ப்பாணையைப் பற்றி மனுதாரர் அறிந்த நாளிலிருந்தும் அது எண்ணப்படும். இதற்கு ஒரு விளக்கவுரை உண்டு, அதை இந்த நாளிதழின் வாசகர்கள் ஒவ்வொருவரும் அறிந்திருக்க வேண்டும்: கட்டளை 5 விதி 20-இன் கீழ், நாளிதழ் விளம்பரம் போன்ற மாற்று முறைகளில் செய்யப்பட்ட சார்வு, இந்தக் காலக்கணக்குக்கு மட்டும் முறையான சார்வாகக் கருதப்படாது. வழக்கை மேலே நடத்துவதற்கு நாளிதழ் அறிவிப்பு நேரில் கொடுத்ததற்குச் சமம். ஆனால் தீர்ப்பை நீக்கக் கோரும் மனுவுக்கான 30 நாள், நாளிதழில் அறிவிக்கப்பட்டவருக்கு அவர் உண்மையில் அறிந்த நாளிலிருந்தே ஓடத் தொடங்கும். இதை அறியாமல், தாமதமே இல்லாத இடத்தில் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவைத் தாக்கல் செய்து, அது தள்ளுபடியாகி, கையிலிருந்த உரிமையைத் தாங்களே கைநழுவ விட்டவர்கள் உண்டு.

அப்படியானால் தபாலிலோ கதவில் ஒட்டியோ சார்வானவருக்கு? அவருக்குத் தீர்ப்பாணைத் தேதியே தொடக்க நாள். அவர் அழைப்பாணையை வாங்கிக்கொண்டு நோயில் விழுந்தவராக இருக்கலாம். வழக்குரைஞர் கைவிட்டவராக இருக்கலாம். வழக்கு தள்ளிப்போடப்பட்டிருக்கிறது என்று யாரோ சொன்னதை நம்பியவராக இருக்கலாம். தீர்ப்பு வந்ததை அவருக்கு எழுத்துமூலம் தெரிவிக்க வேண்டும் என்று கட்டளை 9-இல் ஒரு வரியும் இல்லை. 30 நாள் அமைதியாக ஓடி முடிகிறது. பிறகு அவர் காலவரையறைச் சட்டத்தின் 5-ஆம் பிரிவின்படி தாமதத்தை மன்னிக்கக் கோரித் தனியாக ஒரு மனுப் போட்டு, அதில் வென்ற பிறகுதான் விதி 13 மனு எண்ணிடப்பட்டு விசாரணைக்கு வரும். அந்த முதல் மனு முடியவே ஆண்டுகள் ஆகலாம். தாமதத்தின் நீளம் முக்கியமன்று, அதற்குச் சொல்லப்படும் விளக்கம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்று 1998-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தமிழ்நாட்டிலிருந்து சென்ற அந்த வழக்கில், ஒருதலைத் தீர்ப்பை நீக்கக் கோரிய மனுவே தொடர்ந்து நடத்தப்படாமல் தள்ளுபடியாகி, அதை மீட்கக் கோரியதில் 883 நாள் தாமதம் ஏற்பட்டிருந்தது. வழக்கை ஒப்படைத்த வழக்குரைஞர் ஒன்றும் செய்யாமல் விட்டதே அதற்குக் காரணம். அந்த வழக்குரைஞர் இழப்பீடு தர வேண்டும் என்று நுகர்வோர் மன்றமும் உத்தரவிட்டிருந்தது. எனினும் பிற்காலத் தீர்ப்புகள் பலவற்றில், குறிப்பாக 2013-க்குப் பிறகு, தாமதத்தை மன்னிப்பதில் உச்ச நீதிமன்றம் கடுமையாகவே பேசியிருக்கிறது. ஆகவே ஒவ்வொரு நாள் தாமதமும் மனுதாரரைப் பலவீனப்படுத்துகிறது என்று கொள்வதே பாதுகாப்பு.

இந்த மௌனத்தின் விலை எங்கே தெரியும்? நிறைவேற்று மனுவில். பணத்துக்கோ சொத்துக்கோ கிடைத்த தீர்ப்பாணையை நிறைவேற்ற வாதிக்கு 12 ஆண்டுகள் உண்டு. தீர்ப்பாணை பிறந்து இரண்டு ஆண்டுகளுக்குள் நிறைவேற்று மனுப் போட்டால், கட்டளை 21 விதி 22-இன்படி முன்னறிவிப்புக் கொடுக்க வேண்டிய கட்டாயம்கூட இல்லை. எனவே தன்மீது தீர்ப்பு இருக்கிறது என்பதை ஒருவர் முதன்முதலில் அறிவது, ஜப்திக் கட்டளையுடன் அமீனா வாசலில் வந்து நிற்கும்போதுதான். அப்போதும் விதி 13 மனுவைத் தாக்கல் செய்தால் மட்டும் நிறைவேற்றுகை நின்றுவிடாது; தனியாகத் தடையாணை கேட்டுப் பெற வேண்டும். சொத்து ஏலத்தில் போய்விட்டால் நிலைமை முற்றிலும் வேறு. பின்னர் தீர்ப்பாணை நீக்கப்பட்டால், ஏலத்தில் எடுத்தவர் வாதியே என்னும்போது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 144-ஆம் பிரிவின் கீழ் சொத்தைத் திரும்பக் கேட்கலாம். வழக்கோடு தொடர்பில்லாத மூன்றாம் நபர் நல்லெண்ணத்துடன் ஏலம் எடுத்திருந்தால், அவருடைய உரிமை பொதுவாகப் பாதுகாக்கப்படும். தீர்ப்பு நீங்கும், வீடு திரும்பாது.

கிரய ஒப்பந்த வழக்குகளில் இந்த அபாயம் இன்னும் கூர்மையானது. ஒருதலைத் தீர்ப்பாணை பெற்றவர், கட்டளை 21 விதி 34-இன்படி நீதிமன்றமே கிரயப் பத்திரம் எழுதிப் பதிவு செய்து தரும்படி செய்துகொள்ள முடியும். கடனுக்கு ஈடாக எழுதித் தந்த ஒப்பந்தம், விலைக்கு விற்பதற்கான ஒப்பந்தமாக நீதிமன்றத்தில் காட்டப்பட்டு, எதிர்ப்பாரின்றித் தீர்ப்பாகி, பத்திரமும் பதிவாகிவிடுவது நம் மாவட்டங்களில் கேள்விப்படாத செய்தியன்று. மணமுறிவு வழக்குகளில் விளைவு சொத்தோடு நிற்பதில்லை. கணவன் வீட்டிலிருந்து வெளியேற்றப்பட்ட பெண்ணுக்கு அந்த வீட்டு முகவரிக்கே அழைப்பாணை போய், ஒருதலையாக மணமுறிவு கிடைத்து, மேல்முறையீட்டுக் காலம் முடிந்ததும் மறுமணமும் நடந்துவிட்டால், பிறகு தீர்ப்பு நீக்கப்படும்போது இரண்டு பெண்களும் அவர்களின் குழந்தைகளும் ஒரே நேரத்தில் நிலைகுலைகிறார்கள். குறைந்தபட்சம் இவ்வகை வழக்குகளிலாவது, மனைவியின் பெற்றோர் வீட்டு முகவரிக்கும் அழைப்பாணை அனுப்பாமல் எக்ஸ்பார்ட்டியாக வைப்பதில்லை என்ற உறுதியைக் குடும்ப நல நீதிமன்றங்கள் மேற்கொள்ள வேண்டும்.

தீர்ப்பின் தரம் பற்றியும் ஒரு சொல். பிரதிவாதி வரவில்லை என்பதாலேயே வாதி சொல்வதெல்லாம் உண்மையாகிவிடாது. எதிருரை, அதாவது பிரதிவாதியின் எழுத்துமூலமான பதில், தாக்கல் செய்யப்படாத வழக்கிலும் நீதிமன்றம் கண்ணை மூடிக்கொண்டு தீர்ப்பளிக்கக் கூடாது, நிரூபிக்க வேண்டிய செய்திகள் நிரூபிக்கப்பட்டனவா என்று பார்த்துக் காரணங்களுடன் எழுத வேண்டும் என்று 1999-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. காரணம் இல்லாத ஒருதலைத் தீர்ப்புகளைச் சென்னை உயர் நீதிமன்றமும் பலமுறை கண்டித்திருக்கிறது. 'வாதி தரப்பு சாட்சியத்தால் வழக்கு நிரூபிக்கப்பட்டது, தாவா செலவுத்தொகையுடன் தீர்ப்பாணை பிறப்பிக்கப்படுகிறது' என்ற இரண்டு வரித் தீர்ப்புகள் ஆனாலும் நின்றபாடில்லை. காரணம் எழுத வேண்டிய நிலை ஏற்பட்டாலே ஒப்பந்தத்தின் தேதியையும் முத்திரைத்தாளையும் சாட்சிகளின் கையெழுத்தையும் நீதிபதி ஒருமுறை கூர்ந்து பார்ப்பார் என்பதால்தான் இதை வலியுறுத்துகிறேன்.

பாதிக்கப்பட்டவர்களுக்குத் திறந்திருக்கும் வழிகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தீர்ப்பாணை இருப்பதாகத் தெரிந்தவுடன் அதன் சான்றிட்ட நகலுக்கும், அழைப்பாணை சார்வு அறிக்கையின் நகலுக்கும் அன்றே விண்ணப்பிக்க வேண்டும். எந்த நாளில், யார் மூலம், எப்படித் தெரியவந்தது என்பதைப் பிரமாணப் பத்திரத்தில் மறைக்காமல் எழுத வேண்டும். எதிருரையையும் மனுவோடு சேர்த்தே தாக்கல் செய்தால், வழக்கை நடத்தும் எண்ணம் உண்மையானது என்பது தெளிவாகும். விதி 13 மனுவையும் அதே சட்டத்தின் 96-ஆம் பிரிவின்படியான மேல்முறையீட்டையும் ஒரே நேரத்தில் தாக்கல் செய்யத் தடையில்லை என்று 2004-இல் உச்ச நீதிமன்றம் விளக்கியது. ஆனால் மேல்முறையீடு முதலில் தள்ளுபடியாகிவிட்டால், மேல்முறையீடு செய்தவரே அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டதாக இருந்தாலன்றி, விதி 13 மனு நிற்காது. மனு மறுக்கப்பட்டால் கட்டளை 43-இன் கீழ் மேல்முறையீடு உண்டு. ஆகவே முதல் நீதிமன்றத்தில் தோற்றதும் மனம் தளர வேண்டியதில்லை.

இனி, என் கோரிக்கை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 122-ஆம் பிரிவு, தன் ஆட்சி எல்லையில் உள்ள நீதிமன்றங்களுக்கான நடைமுறை விதிகளைத் திருத்தவும் புதிதாகச் சேர்க்கவும் உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. மாநில அரசின் முன் ஒப்புதலோடு அதைச் செய்யலாம், நாடாளுமன்றத்துக்குப் போக வேண்டியதில்லை. சென்னை உயர் நீதிமன்றம் கட்டளை 9-இல் ஒரே ஒரு விதியைச் சேர்க்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்: ஒருதலைத் தீர்ப்பாணை பிறப்பிக்கப்பட்ட ஏழு நாளுக்குள், வழக்கு எண், நீதிமன்றத்தின் பெயர், தீர்ப்பின் சுருக்கம், தீர்ப்பை நீக்கக் கோர 30 நாள் மட்டுமே உண்டு என்ற எச்சரிக்கை, இலவச சட்ட உதவி மையத்தின் முகவரி ஆகியவற்றைத் தமிழில் தாங்கிய ஓர் அறிவிப்பை விரைவுத் தபாலில் பிரதிவாதிக்கு நீதிமன்றமே அனுப்ப வேண்டும், அந்தத் தபாலின் செலவை வாதி முன்கூட்டியே கட்டி, பின்னர் வழக்குச் செலவில் சேர்த்துக்கொள்ளலாம். அத்தகைய அறிவிப்பு அனுப்பப்பட்டு 30 நாள் ஆகும்வரை நிறைவேற்று மனு கோப்பில் எடுக்கப்படக் கூடாது. ஒருதலைத் தீர்ப்பாணை என்றால், இரண்டு ஆண்டு ஆகாவிட்டாலும் நிறைவேற்று மனுவில் முன்னறிவிப்புக் கட்டாயமாக்கப்பட வேண்டும்.

இதனால் வாதிக்கு இழப்பு உண்டா என்று கேட்டால், ஒரு மாதக் காத்திருப்பைத் தவிர வேறு இல்லை என்றே சொல்வேன். மாறாக, அறிவிப்புப் பெற்ற பிறகும் 30 நாளில் வராத பிரதிவாதி, பல ஆண்டுகள் கழித்து வந்து 'எனக்குத் தெரியவே தெரியாது' என்று சொல்ல முடியாமற்போகும். நேர்மையான வாதியின் தீர்ப்பு அப்போதுதான் உண்மையில் உறுதிபெறும். தாமத மனுக்களில் இன்று செலவாகும் நீதிமன்ற நேரமும் மிச்சமாகும். மனுக்களை ஏற்கும்போது வழக்குத் தொகையில் பாதியைக் கட்ட வேண்டும் என்பது போன்ற கடும் நிபந்தனைகள் சில நேரங்களில் விதிக்கப்படுகின்றன. பணம் படைத்த பிரதிவாதிக்கு அது பொருட்டன்று, கூலித் தொழிலாளிக்கோ அது மனு மறுக்கப்பட்டதற்குச் சமம். செலவுத்தொகையும், வழக்கை இத்தனை மாதத்துக்குள் முடிக்க ஒத்துழைக்க வேண்டும் என்ற காலக்கெடுவும் வாதியின் நலனைக் காக்கப் போதுமானவை.

தொழில்நுட்பம் ஏற்கெனவே கையில் இருக்கிறது. மின் நீதிமன்றத் திட்டத்தில் ஒவ்வொரு வழக்குக்கும் பதினாறு இலக்கங்கள் கொண்ட தனி எண் உண்டு. வாய்தா விவரங்கள் கைபேசிச் செயலியில் எவருக்கும் தெரிகின்றன. கட்சிக்காரர் பெயரைக் கொண்டும் தேடலாம். அழைப்பாணையை எடுத்துச் செல்லும் ஊழியர், சென்ற இடத்தையும் புகைப்படத்தையும் அங்கேயே பதிவு செய்யும் 'என்ஸ்டெப்' என்ற செயலியும் உருவாக்கப்பட்டிருக்கிறது. ஒட்டுதல் மூலம் சார்வு என்று எழுதப்படும் ஒவ்வொரு அறிக்கையோடும் அந்தப் புகைப்படமும் இடக்குறியும் இணைக்கப்பட வேண்டும், அவை இல்லாமல் எக்ஸ்பார்ட்டியாக வைப்பதில்லை என்று மாவட்ட நீதிபதிகள் தங்கள் எல்லைக்குள் வலியுறுத்தலாம். வழக்குரையில் பிரதிவாதியின் கைபேசி எண்ணைக் கொடுப்பதையும், வாதிக்கு அது தெரியாது என்றால் தெரியாது என்று உறுதிமொழி எழுதுவதையும் கட்டாயமாக்கினால், குறுஞ்செய்தி அனுப்புவது எளிதாகிவிடும்.

தங்களிடமும் ஒரு வேண்டுகோள். கட்டளை 5 விதி 20, பிரதிவாதி கடைசியாக வசித்த வட்டாரத்தில் புழங்கும் நாளிதழிலேயே அறிவிப்பு வெளியாக வேண்டும் என்கிறது. நீதிமன்ற அறிவிப்புகளை வட்டம் வாரியாகப் பிரித்து, ஊர்ப் பெயரைத் தடித்த எழுத்தில் போட்டு, ஒரே பக்கத்தில் வாரத்தின் குறித்த நாளில் வெளியிட்டால், பிரதிவாதி படிக்காவிட்டாலும் அவருடைய ஊர்க்காரர் ஒருவர் படித்துச் சொல்ல வாய்ப்புண்டு. அதே பக்கத்தின் அடியில், நாளிதழ் மூலம் அறிவிக்கப்பட்டவருக்குத் தீர்ப்பை நீக்கக் கோரும் காலம் தீர்ப்பை அறிந்த நாளிலிருந்தே தொடங்கும் என்ற இரண்டு வரியையும் அச்சிட்டு உதவினால், அது வாசகர்களுக்குப் பெரும் பயன் தரும்.

புதிய விதிக்கான இந்தக் கோரிக்கையை, உயர் நீதிமன்றத்தின் விதிகள் குழுவுக்கு எழுத்துமூலம் அனுப்புமாறு மாவட்டந்தோறும் உள்ள வழக்குரைஞர் சங்கங்களையும் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
கீழமை நீதிமன்றங்களில் உரிமையியல் வழக்குகள் நடத்தும் ஒரு வழக்குரைஞர்